பக்கத்து நிலத்தின் வழியே மின்கம்பி: கம்பம், ஸ்டே, சர்வீஸ் வயர் தகராறுகள் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தமிழ்நாட்டில் வீட்டு மனைகளிலும் தோட்டங்களிலும் மின்கம்பி செல்லும் வழியைப் பற்றி அக்கம்பக்கத்தாருக்குள் எழும் வழக்குகளை மட்டுமே இந்தப் பக்கம் பேசுகிறது. மின்சார வாரியம் 2010 நவம்பரில் பிரிந்தது, 2024-இல் மறுபடியும் பிரிந்து பகிர்மானப் பணி தமிழ்நாடு மின் பகிர்மானக் கழகம் என்ற பெயருக்கு வந்தது. மக்கள் வாயில் அது இன்னும் ஈ.பி.தான், வாரியம்தான். நாங்களும் வாரியம் என்றே எழுதுகிறோம்.

முதலில் உங்கள் தகராறு எந்தக் கம்பியைப் பற்றியது என்று தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். கம்பத்திலிருந்து ஒரு வீட்டுக்கு மட்டும் போகும் சர்வீஸ் வயர் ஒரு வகை. பலருக்கும் மின்சாரம் கொண்டுபோகும் எல்.டி. (தாழ்வழுத்த) லைனும், 11, 22, 33 கிலோவோல்ட் எச்.டி. (உயரழுத்த) லைன்களும் இன்னொரு வகை. 110 கிலோவோல்ட்டும் அதற்கு மேலும் டவரில் போவது மூன்றாவது வகை. மூன்றுக்கும் சட்டம் வேறு, செலவு ஏற்பவர் வேறு, போகவேண்டிய அலுவலகமும் வேறு. ஒன்றுக்கான பதிலை இன்னொன்றுக்குப் பொருத்திக்கொண்டு ஆண்டுக்கணக்கில் அலைபவர்கள் அதிகம்.

பக்கத்து வீட்டுக்காரருக்குக் கனெக்ஷன் கொடுக்க என் பட்டா நிலத்தில் கம்பம் நடுகிறார்கள். என் சம்மதம் வேண்டாமா?

வேண்டும். 2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 67-ஆவது பிரிவின் கீழ் 2006-இல் வந்த உரிமதாரர் பணிகள் விதிகள், நிலத்தின் உரிமையாளர் அல்லது அனுபவதாரரின் முன்சம்மதம் பெற்றே லைன் போட வேண்டும் என்கின்றன. அதற்கு முந்தைய 1910 சட்டத்தின் 12-ஆவது பிரிவும் இதே கருத்தைத்தான் சொன்னது. நீங்கள் ஆட்சேபித்தால், மாவட்ட ஆட்சியரிடமோ மாநகரக் காவல் ஆணையரிடமோ அரசு அதிகாரமளித்த வேறு அலுவலரிடமோ எழுத்துமூல அனுமதி வாங்கிய பிறகுதான் வாரியம் வேலையைத் தொடர முடியும்.

ஆனால் ஆட்சேபம் எழுத்தில் இருக்க வேண்டும். வயர்மேனிடம் வாய்ச்சண்டை போட்டதை எந்த அலுவலகமும் ஆட்சேபமாக எடுத்துக்கொள்ளாது. குழி தோண்ட வந்த அன்றே, பிரிவு அலுவலகத்தின் உதவிப் பொறியாளருக்கு ஒரு பக்கத்தில் கடிதம் எழுதுங்கள். சர்வே எண், உட்பிரிவு, எந்த இடத்தில் குழி, என்ன காரணத்தால் ஆட்சேபம், எந்த வழியில் போனால் ஆட்சேபம் இல்லை ஆகியவை அதில் வேண்டும். பட்டா நகலையும் புல வரைபட நகலையும் இணைத்து, உங்கள் பிரதியில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். முத்திரை தர மறுத்தால் அன்றைக்கே பதிவுத் தபாலில் ஒப்புகை அட்டையோடு அனுப்பிவிடுங்கள். செயற்பொறியாளருக்கும் ஒரு நகல் போகட்டும்.

பொதுத்தெரு, பஞ்சாயத்துப் பாதை, புறம்போக்கு ஆகியவற்றில் நடும் கம்பத்துக்கு உங்கள் சம்மதம் தேவையில்லை. வாசலுக்கு நேராக நட்டால் இடம் மாற்றிக் கேட்கலாம், தடுக்க முடியாது. அதனால் குழி விழும் இடம் உண்மையில் உங்கள் நிலமா என்பதை முதலில் பாருங்கள். வேலி போட்ட இடம் எல்லையாக இருக்க வேண்டும் என்பதில்லை. சர்வேயரை வைத்து அளந்தபின், ஆட்சேபித்தவரின் வேலியே பாதைக்குள் இருந்தது தெரியவந்து வழக்கு அங்கேயே முடிந்துபோவது உண்டு.

நான் கனெக்ஷன் கேட்டிருக்கிறேன். பக்கத்து நிலத்துக்காரர் கம்பி போக விடமாட்டேன் என்கிறார். வாரியம்தானே பார்த்துக்கொள்ள வேண்டும்?

இங்கேதான் பலருக்கும் ஏமாற்றம். சட்டத்தின் 43-ஆவது பிரிவு, கேட்டவருக்குக் குறித்த காலத்துக்குள் மின்சாரம் கொடுப்பது வாரியத்தின் கடமை என்கிறது. தாமதித்தால் ஒரு நாளைக்கு 1,000 ரூபாய் வரை அபராதத்துக்கும் இடமுண்டு. ஆனால் எல்லா வகையிலும் முழுமையான விண்ணப்பத்துக்குத்தான் இந்தக் காலக்கெடு ஓடும். உங்கள் இடத்துக்குத் தெருமுகப்பு இல்லாமல் அடுத்தவர் நிலத்தின் மேலோ அடியிலோ லைன் வரவேண்டியிருந்தால், அதற்கான வழியனுமதியைத் தன் சொந்தச் செலவில் வாங்கித்தர வேண்டியவர் விண்ணப்பதாரர் என்று தமிழ்நாடு மின் பகிர்மான விதித்தொகுப்பு சொல்கிறது. தெருமுகப்பு இருந்தும், வாரியம் தேர்ந்த குறைந்த செலவு வழிக்கு யாராவது ஆட்சேபித்தால் அப்போதும் பொறுப்பு உங்களுடையதுதான். ஆட்சேபித்தவர் சொல்லும் வழியில் போவதால் கூடும் செலவும் உங்கள் தலையில்தான்.

கேட்பதற்குக் கடுமையாக இருக்கும். ஆனால் தீர்வும் இந்த விதிக்குள்ளேயே இருக்கிறது. கூடுதல் செலவை ஏற்கிறேன் என்று நீங்கள் எழுதிக்கொடுத்தால் பொறியாளர் மாற்று வழிக்கு மதிப்பீடு போடத் தடையில்லை. குறுக்கே 120 மீட்டரில் முடியும் லைன், வரப்போரமாகச் சுற்றிப்போனால் 200 மீட்டர் ஆகிறது என்று வையுங்கள். கம்பத்துக்குக் கம்பம் 50 மீட்டர் என்று கணக்கிட்டால் கூடுதலாக இரண்டு கம்பமும், திரும்பும் மூலையில் ஒரு ஸ்டேயும் (கம்பம் சாயாமல் தரையோடு இழுத்துக் கட்டும் கம்பி) பிடிக்கும். அந்தச் செலவையும், மூன்று வருஷம் கோர்ட்டுக்கு நடக்கும் செலவையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். எங்கள் கருத்தில், சுற்றுவழி ஒன்று இருக்கும்போது குறுக்குவழிக்காக வழக்காடுவது பெரும்பாலும் வீண்.

பக்கத்து நிலத்துக்காரரிடம் பேசப்போகும்போது வெறுங்கையோடு போகாதீர்கள். புல வரைபட நகலில் கம்பம் வரும் புள்ளிகளைப் பென்சிலால் குறித்துக்கொண்டு போங்கள். “அண்ணே, உங்க கிணத்துமேட்டுப் பக்கம் வரவே வராது, வடக்கு வரப்புல ரெண்டே கம்பம், ஸ்டே என் பக்கம் விழுற மாதிரி வச்சுக்கிறோம்” என்று காகிதத்தைக் காட்டிச் சொல்வதற்கும், “உங்க காடு வழியா லைன் வருதுண்ணே” என்று சொல்வதற்கும் கிடைக்கும் பதில் ஒன்றாக இருக்காது.

ஆட்சியரிடம் போனால் என்ன நடக்கும்?

ஆட்சேபம் நீங்கவில்லை என்றால் வாரியம் ஆட்சியருக்கு எழுத வேண்டும். பிரிவு அலுவலகத்தில் ஆட்சேபக் கடிதம் கோப்பில் சேர்ந்து அப்படியே கிடப்பதுதான் வழக்கமான முட்டுக்கட்டை. விண்ணப்பதாரர் செயற்பொறியாளருக்கு எழுதி, ‘ஆட்சியரின் அனுமதிக்கு எந்தத் தேதியில், எந்தக் கடித எண்ணில் அனுப்பப்பட்டது’ என்று கேட்க வேண்டும். பதில் வராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு அதையே கேளுங்கள். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். அதே மனுவில் மதிப்பீட்டு வரைபடத்தையும், எந்தச் சட்டப்பிரிவின் கீழ் லைன் போடப்படுகிறது என்பதையும், சம்மதமின்றியே லைன் போட அரசு அளிக்கும் 164-ஆவது பிரிவின் அதிகாரத்தைப் பயன்படுத்துவதாகச் சொன்னால் அதற்கான அரசாணை நகலையும் கேட்டுவிடுங்கள்.

ஆட்சியர் அலுவலகம் தாசில்தாரிடமோ வருவாய்க் கோட்டாட்சியரிடமோ கள அறிக்கை கேட்கும். வி.ஏ.ஓ.வும் சர்வேயரும் வந்து பார்ப்பார்கள். பிறகு இரு தரப்பையும் விசாரணைக்கு அழைப்பார்கள். கள ஆய்வு நடக்கும் நாள்தான் முக்கியம், அன்றைக்கு ஊரில் இருங்கள். அங்கே எழுதப்படும் அறிக்கைதான் பின்னால் எல்லாக் கோர்ட்டிலும் வாசிக்கப்படும்.

அனுமதி தரும்போது இழப்பீடோ ஆண்டு வாடகையோ இரண்டுமோ நிர்ணயிக்க வேண்டும் என்று 2006 விதிகள் சொல்கின்றன. நிலத்துக்காரர் இதைக் கேட்பதே இல்லை. கேட்காததால் உத்தரவில் வருவதும் இல்லை. விசாரணையில் எழுத்தாகக் கேளுங்கள். உத்தரவில் குறை இருந்தால் மின்சார ஒழுங்குமுறை ஆணையத்திடம் சீராய்வு கோரலாம். லைன் போட்ட பிறகும், போதிய காரணம் காட்டினால் கம்பத்தையோ ஸ்டேயையோ மாற்றச் சொல்லி உத்தரவிடும் அதிகாரம் ஆட்சியருக்கு இருக்கிறது.

என்ன காரணம் சொன்னால் எடுபடும்?

கிணறு, போர்வெல், கட்டடம், கட்டட அனுமதி வாங்கிய வரைபடம், களம், அறுவடை எந்திரம் நுழையும் வழி, நிலத்தை இரண்டாக வெட்டிக்கொண்டு போகும் குறுக்குப்பாதை, விதியளவுக்குக் குறைந்த இடைவெளி ஆகியவை எடுபடும். எல்லாவற்றையும்விட வலுவானது, அளந்து வரைந்த மாற்று வழி. “என் நிலத்தில் வேண்டாம்” என்று மட்டும் சொல்பவரைவிட, “கிழக்கே வண்டிப்பாதை இருக்கிறது, அதில் நான்கு கம்பத்தில் முடியும்” என்று காட்டுபவரின் பேச்சைத்தான் பொறியாளரும் கேட்பார், ஆட்சியரும் கேட்பார்.

பழைய பகை, வழித்தகராறு, பாகப்பிரிவினைச் சண்டை ஆகியவற்றுக்காகக் கம்பியை மறிப்பது எடுபடாது. அந்த வீட்டில் படிக்கிற பிள்ளைகள் இருப்பார்கள், வயதானவர்கள் இருப்பார்கள். மின்சாரத்தை அடிப்படைத் தேவையாகத்தான் நீதிமன்றங்கள் பார்க்கின்றன. பாகம் பிரியாத குடும்பச் சொத்தில் ஒரு பங்காளி இன்னொருவருக்கு மின்சாரம் வராமல் தடுப்பது இதில் மிக மோசமானது. அந்த வழக்குகளில் தடுப்பவரின் கை ஓங்குவது அரிது.

சம்மதக் கடிதம் கொடுக்கிறேன். அதில் என்ன எழுத வேண்டும்?

“ஆட்சேபணை இல்லை” என்ற ஒற்றை வரியில் கையெழுத்துப் போடாதீர்கள், வாங்குபவரும் அதோடு திருப்தி அடையாதீர்கள். பின்னால் எழும் சண்டைகளில் பாதி இந்த ஒற்றை வரியிலிருந்து கிளம்புகிறது. எத்தனை கம்பம், எந்த வரப்பில், எல்லைக்கல்லிலிருந்து எத்தனை அடி, எத்தனை கம்பி, எல்.டி.யா எச்.டி.யா, ஸ்டே எந்தத் திசையில் விழும், இவை எல்லாம் வேண்டும். பிற்காலத்தில் நிலத்துக்காரர் வீடு கட்டினால் லைனை மாற்றும் செலவு யாருடையது என்பதும், இதே கம்பத்திலிருந்து வேறு ஆளுக்கு லைன் இழுக்கலாமா என்பதும் கட்டாயம் வேண்டும். வரைபடத்தை இணைத்து அதிலும் இருவரும் கையெழுத்திடுங்கள். கூட்டுப்பட்டாவாக இருந்தால் பட்டாவில் பெயர் உள்ள அத்தனை பேரும் கையெழுத்திட வேண்டும். அண்ணன் கொடுத்த சம்மதத்தை மறுநாள் வெளியூரிலிருந்து வந்த தம்பி மறுத்து வேலை நின்றுபோவது சாதாரணம்.

வழியனுமதி செல்லத்தக்கதா, போதுமானதா என்று வாரியம் சரிபார்க்க வேண்டியதில்லை என்று பகிர்மான விதித்தொகுப்பு சொல்கிறது. கடிதத்தில் ஓட்டை இருந்தால் அது கனெக்ஷன் வாங்கியவரின் பிரச்சினை.

என் மனையின் மேல் பக்கத்து வீட்டு சர்வீஸ் வயர் பல வருஷமாகப் போகிறது. இப்போது மாடி கட்டுகிறேன். மாற்றும் செலவு யாருடையது?

இரண்டு விதிகள் இங்கே மோதுவது போலத் தெரியும். லைனை மாற்றச் சொல்லி விண்ணப்பிப்பவரே செலவை முன்பணமாகக் கட்ட வேண்டும் என்பது வழங்கல் விதித்தொகுப்பு. வழியனுமதி திரும்பப் பெறப்பட்டால் மாற்று லைனுக்கான முழுச் செலவும் அந்தக் கனெக்ஷன்காரருடையது என்பது பகிர்மான விதித்தொகுப்பு. எது உங்களுக்குப் பொருந்தும் என்பது கம்பியைப் பொறுத்தது. பலருக்குப் போகும் பொது லைன் என்றால் மாற்றக் கேட்கும் நீங்கள்தான் கட்ட வேண்டும். அந்த ஒரு வீட்டுக்காக உங்கள் அனுமதியின் பேரில் போன சர்வீஸ் வயர் என்றால், அனுமதியைத் திரும்பப் பெறுவதாக அவருக்கும் பிரிவு அலுவலகத்துக்கும் கடிதம் கொடுத்து, செலவை அவரிடம் கேட்க உங்களுக்கு இடம் உண்டு.

அவர் இரண்டு பதில் சொல்லக்கூடும். “இருபது வருஷமாகப் போகிறது, பாத்தியம் வந்துவிட்டது” என்பது ஒன்று. 1882-ஆம் ஆண்டு வசதியுரிமைச் சட்டத்தின் 15-ஆவது பிரிவு 20 வருஷம் தடையின்றி, உரிமையாக அனுபவித்ததைத்தான் ஏற்கிறது. கேட்டுக்கொண்டு, அனுமதியின் பேரில் அனுபவித்தது எத்தனை வருஷம் ஆனாலும் அப்படி மாறாது. இரண்டாவது பதில் சற்று வலுவானது: அனுமதியை நம்பிச் செலவு செய்து நிரந்தரமான அமைப்பு ஒன்றைக் கட்டியிருந்தால் அனுமதியைத் திரும்பப் பெற முடியாது என்று 60-ஆவது பிரிவு சொல்கிறது. ஒரு சர்வீஸ் வயரை நிரந்தர அமைப்பு என்று வாதிடுவது கடினம். கம்பங்கள் நட்டு இழுத்த லைனுக்கு வாதிடலாம். சம்மதக் கடிதத்தில் ‘வீடு கட்டும்போது மாற்றித்தர வேண்டும்’ என்ற வரி இருந்தால் இந்த வாதங்களுக்கே வேலையில்லை.

எதுவானாலும் சென்ட்ரிங் அடிக்கும் முன் மாற்றிவிடுங்கள். ஏற்கெனவே உள்ள லைனுக்கு அடியிலோ அருகிலோ கட்டுபவர், வாரியத்துக்கும் மின் ஆய்வாளருக்கும் எழுத்தில் தெரிவித்துவிட்டுத்தான் கட்ட வேண்டும் என்பது பாதுகாப்பு விதி. கம்பி கட்டும் ஆள் கையில் 12 மீட்டர் முறுக்குக்கம்பியைத் தூக்கித் திருப்பும்போது அதன் நுனி எங்கே போகிறது என்று அவருக்குத் தெரியாது. உயிர் போவது அங்கேதான்.

எவ்வளவு இடைவெளி இருக்க வேண்டும்?

மத்திய மின்சார ஆணையத்தின் பாதுகாப்பு விதிமுறைகளில் உள்ள அளவுகள் இவை. தரையிலிருந்து, தெருவைக் குறுக்கே கடக்கும் எல்.டி. கம்பி 5.8 மீட்டர், 33 கிலோவோல்ட் வரையான எச்.டி. 6.1 மீட்டர். தெருவோரமாகப் போனால் முறையே 5.5, 5.8 மீட்டர். வயல் போன்ற மற்ற இடங்களில் எல்.டி.யும் 11 கிலோவோல்ட்டும் உறையில்லாத கம்பியானால் 4.6 மீட்டர்; 11-க்கு மேல் 33 வரை 5.2 மீட்டர்.

கட்டடத்துக்கு எல்.டி. கம்பி மேலே 2.5 மீட்டர், பக்கவாட்டில் 1.2 மீட்டர். 33 கிலோவோல்ட் வரை மேலே 3.7 மீட்டர். பக்கவாட்டில் 11 கிலோவோல்ட்டுக்கு 1.2 மீட்டர், அதற்கு மேல் 33 வரை 2 மீட்டர். மாவட்டங்களில் பல இடங்களில் ஓடுவது 22 கிலோவோல்ட்; அதை 11 என்று நினைத்து 1.2 மீட்டர் விட்டுக் கட்டிவிட்டுப் பிறகு மாட்டிக்கொள்கிறார்கள். பிரிவு அலுவலகத்தில் வோல்டேஜைக் கேட்டு எழுதி வாங்குங்கள். 110 கிலோவோல்ட் கம்பிக்கு: மேலே 4.6, பக்கவாட்டில் 2.9 மீட்டர். 230-க்கு 5.5, 3.8 மீட்டர்.

எல்.டி. சர்வீஸில் இந்த இடைவெளி கிடைக்காவிட்டால், உறையிட்ட வயராக, எர்த் செய்த தாங்குகம்பியில் கட்டி இழுத்திருக்க வேண்டும். அந்தத் தாங்குகம்பி 350 கிலோ இழுவையாவது தாங்க வேண்டும்.

இந்த அளவுகள் கம்பி மிகவும் தொய்ந்த நிலையில், காற்றில் ஆடும்போதும் இருக்க வேண்டியவை. மார்கழிக் காலையில், குளிரில் கம்பி இறுகியிருக்கும்போது அளந்து “சரியாக இருக்கிறது” என்று சொன்னால் ஏற்காதீர்கள்.

தொய்ந்த கம்பியின் உயரத்தை நானே அளக்கலாமா?

மூங்கில், தொரட்டி, டேப் எதையும் கம்பியின் பக்கம் உயர்த்தவே கூடாது. நிழலை வைத்து அளக்கலாம். வெயில் உள்ள பிற்பகல் 3 மணி வாக்கில், இரண்டு கம்பங்களின் அடிக்கும் இடையே தரையில் ஒரு கயிறு போடுங்கள். கம்பி அதிகம் தொய்ந்துள்ள நடுப்பகுதியில், கயிற்றின் மேல் ஒரு புள்ளியைக் குறித்து அங்கே 1 மீட்டர் குச்சியை நேராக நிறுத்துங்கள். குச்சியின் நிழல் நீளத்தை அளங்கள். பிறகு அதே புள்ளியிலிருந்து, குச்சி நிழல் விழும் அதே திசையில் நடந்து, கம்பியின் நிழல் தரையில் எங்கே விழுகிறதோ அதுவரை அளங்கள். ஒன்றின்கீழ் ஒன்றாகப் பல கம்பிகள் போனால் கயிற்றுக்கு மிக அருகில் விழும் நிழல்தான் கீழ்க்கம்பியுடையது. இரண்டாவது அளவை முதல் அளவால் வகுத்தால் மீட்டரில் உயரம். குச்சியின் நிழல் 80 சென்டிமீட்டர், கம்பி நிழல்வரை 3.2 மீட்டர் என்றால் உயரம் 4 மீட்டர். வயலில் வேண்டிய 4.6-க்கு 60 சென்டிமீட்டர் குறைவு. தரை சமமாக இருந்தால்தான் கணக்கு சரியாக வரும். கம்பி போகும் திசையிலேயே நிழலும் விழுந்தால் வேறு நேரம் பாருங்கள்.

இந்த அளவு, தேதி, நேரம், கம்பத்தில் எழுதியுள்ள எண், படம் ஆகியவற்றோடு புகார் கொடுங்கள். அவசரமானால் வாரியத்தின் புகார் மையமான மின்னகம் 94987 94987. வாரியம் அசையாவிட்டால் மின் ஆய்வுத்துறைக்கு எழுதலாம். பாதுகாப்பு இடைவெளி அவர்கள் அதிகாரத்துக்கு உட்பட்டது.

கம்பம் பக்கத்து நிலத்தில். ஸ்டே மட்டும் என் நிலத்தில் விழுகிறது. இது எப்படி?

லைன் திரும்பும் மூலையில் கம்பிகள் கம்பத்தை உள்பக்கமாக இழுக்கும். அதைச் சமாளிக்க ஸ்டே வெளிப்பக்கம் விழும். வரப்பை ஒட்டிய மூலைக்கம்பம் என்றால் வெளிப்பக்கம் என்பது அடுத்தவர் நிலம். வழி மாற்றிக்கொடுத்து சமாதானமாகப் போனவர்கள்கூட இதை யோசிக்காமல் மூன்றாவது ஆளிடம் சண்டையில் முடிகிறார்கள். ஸ்டேவுக்கும் சம்மதம் வேண்டும். மாற்றாக உள்பக்கம் முட்டுக்கம்பம் கொடுக்கச் சொல்லலாம், அல்லது கம்பத்தைத் தன் நிலத்துக்குள் சில அடி தள்ளி நடச் சொல்லலாம். எப்படியிருந்தாலும் ஸ்டேயின் நடுவில் முட்டை வடிவ இன்சுலேட்டர் இருக்கிறதா, அது தரையிலிருந்து 3 மீட்டருக்குக் குறையாமல் இருக்கிறதா என்று பாருங்கள். ஸ்டேயில் மாடு கட்டாதீர்கள், துணி காயப்போடாதீர்கள்.

பக்கத்துத் தோட்டத்துத் தென்னை லைனில் உரசுகிறது.

வாரியம் விண்ணப்பித்தால் நிர்வாக நடுவர் மரத்தை அகற்ற உத்தரவிடலாம் என்பது மின்சாரச் சட்டத்தின் 68-ஆவது பிரிவு. லைன் வருவதற்கு முன்பே இருந்த மரத்துக்கு இழப்பீடு உண்டு. லைன் வந்த பிறகு வைத்ததற்கு இல்லை. அதனால் புது லைன் வரும்போது, மரங்களைப் படமெடுத்து வயதோடு வி.ஏ.ஓ.விடம் எழுதி வாங்கி வைப்பது நிலத்துக்காரருக்கு நல்லது. மரம் யாருடையதானாலும் ஆளை ஏற்றி வெட்டாதீர்கள். லைனை நிறுத்திவிட்டு வாரிய ஆட்கள் வெட்ட வேண்டும்.

டவர் லைனுக்கும் இதே விதிதானா?

இல்லை. 164-ஆவது பிரிவின்படி அரசு தந்தி அதிகார அமைப்பின் அதிகாரத்தை அளித்திருந்தால், நில உரிமையாளரின் சம்மதம் தேவையில்லை என்று பவர்கிரிட் – செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் 2016 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 1885-ஆம் ஆண்டுத் தந்திச் சட்டத்தை 2023 தொலைத்தொடர்புச் சட்டம் நீக்கினாலும், மின்தொடர் லைன்களுக்கு அதன் மூன்றாம் பகுதியை நீடிக்கவிட்டிருக்கிறது. மறித்தால் தந்திச் சட்டத்தின் 16(1) பிரிவில் ஆட்சியர் உத்தரவிடுவார். அதற்குப் பிறகும் மறிப்பது குற்றம். ஆகவே டவர் லைனில் உங்கள் பலம் வழியை மறிப்பதில் இல்லை, இழப்பீட்டில் இருக்கிறது. ஒன்றிய மின் அமைச்சகத்தின் 2015 வழிகாட்டுதல் டவர் அடிநிலத்துக்கு நில மதிப்பில் 85 சதவீதமும் கம்பிக்கடியில் உள்ள பட்டைக்கு 15 சதவீதம் வரையும் சொன்னது. 2024 ஜூனில் அது 200 சதவீதமாகவும் 30 சதவீதமாகவும் உயர்ந்தது. மாநில அரசு அதை ஏற்று ஆணையிட்டிருக்கிறதா என்பதைப் பார்த்துக் கேளுங்கள். தொகை போதாது என்றால் 16(3) பிரிவில் மாவட்ட நீதிபதியிடம் மனு போடலாம்.

முன்சீப் கோர்ட்டில் தடை வாங்கலாமா?

வாங்கலாம். ஆனால் வழக்குகள் தோற்பதற்கான காரணங்கள் பெரும்பாலும் சட்டத்தில் இல்லை, தயாரிப்பில் இருக்கின்றன. பக்கத்து வீட்டுக்காரரை மட்டும் பிரதிவாதியாகச் சேர்ப்பார்கள். கம்பம் நடுவது வாரியம், வாரியத்தைச் சேர்க்காத உத்தரவுக்குப் பயனில்லை. சொத்து விவரத்தில் பழைய உட்பிரிவு எண் இருக்கும். கம்பி இழுத்து மின்சாரமும் ஓடிய பிறகு இனிச் செய்யக்கூடாது என்னும் நிரந்தர உறுத்துக்கட்டளை மட்டும் கேட்பார்கள். அந்த நிலையில் அகற்றச் சொல்லும் செயலுறுத்துக்கட்டளையும் கேட்க வேண்டும். ஆட்சியரிடம் போக வழி இருந்தும் போகாமல் வந்தீர்கள் என்று எதிர்த்தரப்பு கேட்கும். அதற்குப் பதிலாக உங்கள் கையில் முத்திரையிட்ட ஆட்சேபக் கடிதம் இருக்க வேண்டும். வழக்கு போட்டவுடன், இடத்தைப் பார்த்துக் கோர்ட்டுக்கு அறிக்கை தரும் வழக்கறிஞர் ஆணையர் நியமனம் கேட்டு, சர்வேயர் உதவியோடு இடத்தை அளந்துவிடுங்கள்.

கனெக்ஷன் கேட்பவர், எதிர்த்தரப்பு தடைக்குப் போகும் என்று தெரிந்தால் கேவியட் மனு போட்டு வைக்கலாம். அது 90 நாள் நிற்கும். உங்களைக் கேட்காமல் தடை தர மாட்டார்கள். உயர் நீதிமன்றத்துக்கு ரிட் போனால், ஆட்சியர் இரு தரப்பையும் கேட்டு இத்தனை வாரத்துக்குள் முடிவெடுக்கட்டும் என்ற உத்தரவே பெரும்பாலும் வரும். ஆட்சியர் அலுவலகத்தில் கோப்பு தூங்கும்போது அதற்குப் பயன் உண்டு.

மின் வழங்கல் பொதுப் பயன்பாட்டுச் சேவை என்பதால், உங்கள் மாவட்டத்தில் நிரந்தர மக்கள் நீதிமன்றம் இருந்தால் கட்டணமின்றி அங்கேயும் போகலாம். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பார்க்காமல் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவச வழக்கறிஞர் தரும்.

என் நிலத்தின் மேல் போகும் கம்பியை நானே அறுத்தால்? லைன்மேனை உள்ளே விடாவிட்டால்?

அறுக்காதீர்கள். முதலில் உயிர். அடுத்து, மின்சாரச் சட்டத்தின் 140-ஆவது பிரிவில் 10,000 ரூபாய் வரை அபராதம். பொதுச்சொத்து சேத வழக்கும் சேரலாம். நியாயம் உங்கள் பக்கம் இருந்தாலும் அன்றோடு கெட்டுப்போகும். முறைப்படி போட்ட லைனைப் பராமரிக்க, தகவல் சொல்லிவிட்டு நியாயமான நேரத்தில் நுழைய 163-ஆவது பிரிவு அனுமதிக்கிறது. புதுக் கம்பம் நடுவதற்கும் பழைய கம்பியைச் சரிசெய்வதற்கும் வித்தியாசம் பாருங்கள். முன்னதற்கு ஆட்சேபிக்கலாம், பின்னதற்கு வழி விடுங்கள். தொய்ந்த கம்பியைச் சரிசெய்ய வந்தவரைத் திருப்பி அனுப்பினால் அடுத்து அதில் உரசும் கரும்பு லாரிக்கு யார் பதில் சொல்வது?

பக்கத்துத் தோட்டத்துக்காரர் தன் மோட்டார் சர்வீஸிலிருந்து என் வரப்பில் கேபிள் போட்டு இன்னொரு கிணற்றுக்கு எடுத்துப்போகிறார்.

இது வாரியத்தின் லைனே அல்ல. உங்கள் அனுமதியில்லாமல் அவர் போட்ட சொந்த கேபிள். உரிமையியல் நீதிமன்றத்தில் அவர் மேல் மட்டும் வழக்குப் போதும். அனுமதித்த இடத்தைத் தவிர வேறு இடத்துக்கு மின்சாரம் எடுப்பது 126-ஆவது பிரிவில் அங்கீகாரமற்ற பயன்பாடு. இரட்டிப்புக் கட்டணம் விதிப்பார்கள். இதை முதலில் அவரிடமே எடுத்துச்சொல்லுங்கள், பெரும்பாலும் கேபிள் தானாகப் போய்விடும். மழைக்காலத்தில் தோல் உரிந்த கேபிள் வரப்பில் கிடந்தால் மட்டும் பேச்சுக்குக் காத்திருக்காதீர்கள், உடனே பிரிவு அலுவலகத்துக்குச் சொல்லுங்கள்.

மனை வாங்கப்போகிறேன். மேலே லைன் போகிறது. வில்லங்கச் சான்றில் எதுவும் இல்லையே?

இருக்காது. வழியனுமதிக் கடிதங்களைப் பொதுவாக யாரும் பதிவு செய்வதில்லை. நேரில் போய் அண்ணாந்து பாருங்கள். கம்ப எண்ணைக் குறித்துக்கொண்டு பிரிவு அலுவலகத்தில் வோல்டேஜைக் கேளுங்கள். பக்கவாட்டு இடைவெளியைக் கழித்தபின் கட்டுவதற்கு எத்தனை அடி மிஞ்சுகிறது என்று மனை வரைபடத்தில் வரைந்து பாருங்கள். 20 அடி அகல மனையில் 22 கிலோவோல்ட் கம்பி எல்லையிலிருந்து 3 அடி உள்ளே போனால், 2 மீட்டரும் சேர்த்துக் கட்டக்கூடியது சுமார் 10 அடி அகலம்தான். மாற்றித்தருகிறோம் என்று விற்பவர் சொன்னால், மாற்றுவதற்கான பணத்தை வாரியத்தில் அவர் கட்டிய ரசீதைப் பார்த்த பிறகு அட்வான்ஸ் கொடுங்கள்.